பூவாறு முதல் தேங்காய்ப்பட்டணம் வரை

சென்ற ஆண்டு மதரஸா விடுமுறை நாள்களில், நம்மிடம் ஓதுகின்ற மாணவர் பதினொருவரை அழைத்துக்கொண்டு பூவாற்றுக்குச் சென்றோம். குமரி மாவட்டத்தின் மேற்கெல்லையைக் கடந்தவுடன், கேரளத்தின் நெய்யாற்றின்கரை வட்டத்தில் அமைந்திருக்கும் ஊர் அது. அகத்திய மலைத் தொடரில் பிறந்து இறங்கிவரும் நெய்யாறு அவ்விடத்திலேதான் கடலோடு கலக்கின்றது. ஆறு, காயல், மணல்திட்டு, கடல் ஆகிய நான்கையும் ஒரே பார்வையில் காணத்தக்க இடங்கள் நம் கரையோரத்தில் சிலவே உள்ளன. அவற்றுள் பூவாறு ஒன்றாதலின், வெளியூரினரும் வெளிநாட்டவரும் திரளாக வந்து படகேறிச் செல்கின்றனர். படகைச் செலுத்துபவரும், வழிநெடுகக் காட்சிகளைச் சுட்டிக்காட்டி விளக்கம் சொல்பவரும் ஓர் இளைஞரே. நாமும் கட்டணம் பேசி ஏறி அமர்ந்தோம்.

படகு கண்டல் மரங்களுக்கு இடையே நுழைந்தது. நீருக்கு மேலே வளைந்து நிற்கும் வேர்களும், அவற்றுள் ஒளிந்து விளையாடும் நண்டுகளும், கரையோரத் தாழம்புதர்களும், கிளைதோறும் சிறகுலர்த்தி அமர்ந்திருந்த நீர்க்காகங்களும் மாணவர்களின் கண்களை விருந்துக்கு அழைத்தன. பொழிமுகத்தை அடைந்தோம். ஆற்றுக்கும் கடலுக்கும் நடுவே நீண்டு கிடந்த மணல்திட்டின் ஒருபுறம் அமைதியும் மறுபுறம் ஆரவாரமுமாக இருவேறு நீர்கள் நின்றன. வழிகாட்டி இளைஞர் தம் கடமையில் குறைவைக்கவில்லை. இன்ன பாறை யானையைப் போன்றது, இன்ன திட்டில் இன்ன திரைப்படம் எடுத்தார்கள், இன்ன விடுதியின் அறைகள் நீரில் மிதக்கின்றன என்றெல்லாம் சளைக்காமல் சொல்லிவந்தார்.

திரும்பும் வழியில், தெற்கே ஒரு வாய்க்காலின் முகப்புத் தென்பட்டது. அதன் கரைகள் ஆற்றின் கரைகளைப் போல வளைந்து நெளியாமல் நேராக வெட்டப்பட்டவை. நீர்ப்பரப்போ ஆகாயத்தாமரையால் மூடிக்கிடந்தது. மாணவர் ஒருவர், "இதில் நேரே போனால் எங்கே போய்ச் சேரலாம்?" என்று வினவினார்.

"அங்ஙோட்டு ஒண்ணும் இல்ல சாறே. பாயலும் சேறும்தான்," என்று கூறிப் படகைத் திருப்பினார் இளைஞர்.

அவர்மீது நமக்குக் குறையில்லை. அவருக்கு யாரும் சொல்லித் தரவில்லை. ஆனால் 'ஒன்றும் இல்லை' என்று அவர் கைகாட்டிய திசையிலேதான் நம் பாட்டனார் கயிற்றுக் கட்டுகளை ஏற்றிக்கொண்டு வள்ளத்தில் வந்துபோனார். அந்த வாய்க்கால் வழியே சென்றால் பொழியூர் வரும். அதன்பின் நீரோடி, மார்த்தாண்டன்துறை, வள்ளவிளை, இரவிபுத்தன்துறை, சின்னத்துறை, தூத்தூர், பூத்துறை, இரயுமன்துறை என்று ஒன்றன்பின் ஒன்றாக எட்டு மீனவர் ஊர்கள் வரும். அவற்றைக் கடந்து தாமிரபரணியின் கழிமுகத்தைத் தாண்டினால் தேங்காய்ப்பட்டணம். நம் சமுதாயத்தின் பழம்பதிகளுள் ஒன்று. இத்தனையும் இருக்கும் திசையை ஒன்றுமில்லாத திசையாக ஆக்கியது எது என்ற வினாவோடுதான் அன்று கரையேறினோம். வழிகாட்டி சொல்லாது விட்டதை மாணவர்களுக்கு நாமாவது சொல்ல வேண்டும் என்று எண்ணியதன் விளைவே இக்கட்டுரை.

அந்த வாய்க்காலின் முழுப்பெயர் அனந்த விக்டோரியா மார்த்தாண்டன் கால்வாய். மக்கள் வழக்கில் ஏ.வி.எம். கால்வாய். பெயரைக் கேட்டு அதைப் படம் எடுக்கும் நிறுவனத்தோடு தொடர்புபடுத்துவோர் இளைஞரிடையே உளர்! அனந்தன் என்றது திருவனந்தபுரத்துப் பத்மநாபரை. விக்டோரியா என்றது அக்காலத்து இங்கிலாந்து அரசியாரை. மார்த்தாண்டன் என்றது அன்றைய திருவிதாங்கூர் மன்னர் உத்திரம் திருநாள் மார்த்தாண்ட வர்மரை. தெய்வம், பேரரசி, தாம் என்ற வரிசையில் மன்னர் தம் பெயரை மூன்றாவதாக வைத்துக்கொண்டது அக்காலத்து அரசியலை ஒரே தொடரில் உணர்த்திவிடுகின்றது. பணி தொடங்கிய ஆண்டு 1860. சர் தி. மாதவராவ் திவானாக வீற்றிருந்த காலம் அது. அதே ஆண்டில் மன்னர் மறைந்தார். அவர்தம் மருமகன் ஆயில்யம் திருநாள் அரியணை ஏறினார்.

திருவனந்தபுரத்தையும் கன்னியாகுமரியையும் நீர்வழியால் இணைப்பதே அக்கால்வாயின் நோக்கம். அதன் பெருமையை உணர வேண்டுமானால் வடக்கேயும் சற்று நோக்க வேண்டும். திருவனந்தபுரத்திலிருந்து கடினங்குளம் காயலுக்குப் பார்வதி புத்தனாறு முன்னரே வெட்டப்பட்டிருந்தது. அதற்கும் வடக்கே நீர்வழியை மறித்துநின்ற வர்க்கலைக் குன்றைப் பின்னாளில் சுரங்கமாகக் குடைந்தார்கள். அதற்கப்பால் கொல்லம், ஆலப்புழை, கொச்சி எனக் காயலும் கால்வாயுமாக வழி நீண்டு மலபார் வரை செல்லும். தெற்கே வெட்டத் தொடங்கிய கால்வாய் மட்டும் முற்றுப்பெற்றிருந்தால், குமரி முனையில் வள்ளம் ஏறிய ஒருவர் கடலலையைக் காணாமலேயே பொன்னானிப் பக்கம் சென்று இறங்கியிருக்கலாம். பொன்னானி என்றதும் நம் போன்றோர் நெஞ்சில் எழும் எண்ணம் வேறு. மக்தூம்களின் பள்ளிவாசலும், அதன் குத்துவிளக்கைச் சுற்றி அமர்ந்து ஓதிய தலைமுறைகளும் நினைவுக்கு வருகின்றன. கன்னியாகுமரிக் கரையிலிருந்து ஓதச் செல்லும் மாணவர்க்கு அப்படியொரு வழி வாய்த்திருந்தால் என்று ஒரு கணம் எண்ணிப் பார்க்கிறோம். ஆயினும் பூவாற்றில் தொடங்கிய வெட்டு, குளச்சலைக் கடந்து மண்டைக்காட்டோடு நின்றுவிட்டது. குமரியை அது தொடவேயில்லை.

முற்றுப்பெறாத கால்வாயாயினும் அது வீண்போகவில்லை. தென்மேற்குப் பருவக்காற்று வீசும் ஆனி, ஆடி மாதங்களில் இக்கரையின் கடல் எத்தகையது என்பதைக் கண்டவர் அறிவர். கட்டுமரம்கூட இறக்க முடியாத அந்நாள்களில், கடலிலிருந்து கூப்பிடு தொலைவில், அலையின் ஓசை காதில் விழ, அலையின் அச்சமின்றி வள்ளங்கள் கால்வாயில் சென்றன. தேங்காயும் கொப்பரையும் கருவாடும் உப்பும் ஓலையும் சென்றன. எல்லாவற்றுக்கும் மேலாகக் கதம்பை சென்றது. தேங்காய் மட்டையை இப்பகுதியார் கதம்பை என்பர். கால்வாயின் உவர்நீரில் கதம்பையை மாதக்கணக்கில் அழுக்கி வைத்து, எடுத்து அடித்து, தும்பு பிரித்து, கயிறு திரிப்பது கரையோரப் பெண்டிரின் தொழில். அழுகும் கதம்பையின் வாடை புதியவர்க்குத் தாங்க ஒண்ணாதது. அக்கரையில் பிறந்தவர்க்கோ அது சோற்றின் வாடை. கதம்பை அழுக்கியவர்களில் முஸ்லிம் வீட்டாரும் இருந்தனர். மீனவ வீட்டாரும் நாடார் வீட்டாரும் இருந்தனர். நீர் ஒன்றே ஆதலால் யாருடைய கதம்பை எங்கே கிடக்கிறது என்பதை அடையாளம் வைத்துக் காக்க வேண்டியிருந்தது. ஒருவரையொருவர் நம்பாமல் அத்தொழில் நடவாது.

ஈண்டுக் கயிற்றைப் பற்றிச் சற்று விரித்துரைக்க விரும்புகிறோம். அரபு நூல்களைப் புரட்டுவோர் நம் தென்னையை அவற்றில் அடிக்கடி சந்திப்பர். தேங்காயை அரபியர் 'நார்ஜீல்' என்பர். 'நாரிகேளம்' என்ற இந்தியச் சொல்லே அங்ஙனம் கடல் கடந்து உருத்திரிந்தது. கி.பி. பத்தாம் நூற்றாண்டில் ஸீராஃப் நகரத்து அபூஸைத் என்பார், ஓமான் நாட்டுத் தச்சர்களைப் பற்றி ஒரு செய்தி எழுதி வைத்துள்ளார். அவர்கள் தம் கருவிகளோடு தென்னை வளரும் தீவுகளுக்கு வருவார்களாம். தென்னையை வெட்டிக் காயவைத்துப் பலகையாக அறுப்பார்கள். அதன் நாரையே கயிறாகத் திரித்து அப்பலகைகளைத் தைப்பார்கள். பாய்மரமும் தென்னை, பாயும் தென்னையோலை. கப்பல் முடிந்ததும் அதில் தேங்காயையே சரக்காக ஏற்றிக்கொண்டு ஓமானுக்குத் திரும்புவார்கள். ஒரே மரத்திலிருந்து கப்பலும் கயிறும் பாயும் சரக்கும்! நானூறு ஆண்டுகளுக்குப் பின்வந்த இப்னு பதூதாவும் இந்தியக் கப்பல்களையும் ஏமன் நாட்டுக் கப்பல்களையும் கயிற்றால் தைப்பதைக் குறித்துள்ளார். இரும்பாணி அடித்த கப்பல் பாறையில் மோதினால் உடையும். கயிற்றால் தைத்த கப்பல் வளைந்து கொடுக்கும் என்பது அவர் தரும் விளக்கம். நம் கரையின் கெட்டுவள்ளங்களும் அவ்வாறு தைக்கப்பட்டவையே. ஆகவே தேங்காயின் பெயரையே தன் பெயராகக் கொண்ட ஒரு பட்டணத்தை அரபிக் கடலின் கரையில் காண்பதில் வியப்பில்லை.

இப்னு பதூதாவைக் குறிப்பிட்ட பிறகு அவருடைய படகுப் பயணத்தைச் சொல்லாமல் விடலாகாது. டில்லி சுல்தான் முஹம்மது பின் துக்ளக்கின் தூதராகச் சீனம் செல்லப் புறப்பட்ட அவர், கோழிக்கோட்டில் கப்பல்களைப் புயலுக்குப் பறிகொடுத்தார். தம் உடைமைகள் ஏற்றிய கப்பல் கொல்லத்துக்குப் போயிருக்கும் என்று கேள்வியுற்று, அங்கே செல்ல அவர் தேர்ந்தெடுத்தது கடலன்று, உள்நாட்டு நீர்வழி. அது 1342ஆம் ஆண்டை ஒட்டிய காலம். பத்து நாள் பயணம். பகலில் நீரில் செல்வதும், இரவில் கரையோரச் சிற்றூர்களில் தங்கிக் காலையில் மீண்டும் படகேறுவதுமாகச் சென்றார். படகில் அவரைத் தவிர இருந்த ஒரே முஸ்லிம், அவர் கம்பளத்தைச் சுமக்கக் கூலிக்கு அமர்த்திய ஆள். அந்த ஆளோ இறங்கிய இடந்தோறும் மது அருந்திவிட்டு இவரோடு சண்டை பிடித்தார். அறிஞர் பெருந்தகை அதை ஒளிக்காமல் எழுதியிருப்பது நமக்குப் பிடித்திருக்கிறது. கொல்லத்து வணிகர்களை அவர் 'ஸூலீ' என்று குறிக்கின்றார். நம்மவர்க்குக் கீழை நாடுகளில் வழங்கிய 'சூலியா' என்ற பெயரும் இதுவும் ஒன்றே என்பது ஆய்வாளர் சிலரின் கருத்து. பூவாற்றில் நாம் ஏறிய படகு இரண்டு மணி நேரத்தில் புறப்பட்ட துறைக்கே திரும்பிவிட்டது. அவர் ஏறிய படகு ஓர் ஊரிலிருந்து மற்றோர் ஊருக்குச் சென்றது. அக்காலத்தில் நீர் பார்ப்பதற்கு மட்டும் உரியதாக இருக்கவில்லை.

அடுத்துச் சொல்ல வேண்டியதைச் சற்றுத் தயக்கத்தோடு சொல்கிறோம். தேங்காய்ப்பட்டணத்தில் கருங்கல்லாலான பழமையான பெரிய பள்ளிவாசல் ஒன்று உண்டு. கோவில்களைக் கட்டிய அதே தச்சு மரபில் எழுந்த தூண்கள். மினாரா ஓங்காத அடக்கமான தோற்றம். உச்சிவெயிலில் உள்ளே நுழைந்தால் கல்லின் குளிர்ச்சி காலில் ஏறும். அதனை மாலிக் இப்னு தீனார் (ரஹ்) அவர்கள் கட்டுவித்தார்கள் என்று ஊரார் நம்புகின்றனர். ஆண்டு 1,200 ஆயிற்று, 1,300 ஆயிற்று என்று வருகின்ற பயணிகளிடம் சொல்கின்றனர்.

மாலிக் இப்னு தீனார் குழுவினரின் வரலாற்றை எழுதிய பழைய நூல்களுள் தலையாயது, பொன்னானி ஷைகு ஸைனுத்தீன் மக்தூம் அவர்கள் பதினாறாம் நூற்றாண்டின் இறுதியில் அரபியில் இயற்றிய 'துஹ்ஃபதுல் முஜாஹிதீன்'. நம் மதரஸாக்களில் ஓதப்படும் 'ஃபத்ஹுல் முஈன்' என்ற ஷாஃபிஈ சட்டநூலின் ஆசிரியரும் அவரே. அவர் குமரியை அறிந்தவர். 'கும்ஹரீ' என்று தம் நூலில் அதனைக் குறித்துள்ளார். ஆனால் அக்குழுவினர் எழுப்பிய பள்ளிவாசல்கள் என்று அவர் தரும் பட்டியலில் பத்து ஊர்களே உள்ளன. தெற்கே கொல்லம், பிறகு கொடுங்கல்லூர், சாலியம், பந்தலாயனி, தர்மடம் என்று வடக்கே பார்க்கூர் வரை செல்லும் அப்பட்டியலில் தேங்காய்ப்பட்டணம் இல்லை. அஃதன்றியும், சேரமான் பெருமாள் பெருமானார் (ஸல்) அவர்களின் காலத்திலேயே இஸ்லாத்தைத் தழுவினார் என்று மக்கள் பேசிவந்ததை அவர் ஏற்கவில்லை. அது ஹிஜ்ரி 200க்குப் பிற்பட்ட நிகழ்ச்சியாக இருத்தலே பொருந்தும் என்பது அவருடைய முடிவு. நானூறு ஆண்டுகளுக்கு முன்பே நம் ஆலிம் ஒருவர் செவிவழிச் செய்தியை இவ்வாறு நிறுத்துப் பார்த்திருக்க, இன்று நாம் அதனினும் கூட்டிச் சொல்வது முறையாகுமா?

இதனை ஒரு மீலாது மேடையில் நாம் எடுத்துரைத்தபோது முதியவர் ஒருவர் மனம் வருந்தினார். "நம்ம பள்ளியோட பெருமையை நீங்களே குறைச்சா எப்படி ஹஜ்ரத்?" என்று கேட்டார். அவர் வருத்தத்தை நாம் மதிக்கிறோம். பட்டியலில் பெயர் இல்லாமையால் அக்காலத்தில் இவ்வூரில் முஸ்லிம்கள் இல்லை என்றும் ஆகிவிடாது. கடலோடிகள் இறங்கும் ஒவ்வொரு துறையையும் நூலாசிரியர்கள் எழுதி வைப்பதில்லை. நாம் சொல்வது ஒன்றே. இவ்வூரின் தொன்மைக்குச் சான்று தேடுவோர் ஒரு பெரியாரின் திருப்பெயரை மட்டும் பற்றிக்கொண்டு நிற்க வேண்டியதில்லை. ஆற்றின் கழிமுகமும், தென்னையும், கயிறும், அவற்றை நாடிவந்த கப்பல்களுமே இவ்வூரைப் பட்டணம் ஆக்கின. பெயரிலேயே அந்த வரலாறு இருக்கிறது. அவ்வரலாற்றின் கண்கூடான எச்சம் அந்த நீர்வழி. பள்ளிவாசலின் வயதைக் கூட்டிச் சொல்வதில் காட்டும் ஊக்கத்தில் நாலில் ஒரு பங்கைக் கால்வாயின்மீது நாம் காட்டியதில்லை.

பூவாற்றிலிருந்து திரும்பிய மூன்று வாரங்களுக்குப் பின், மாணவர்களின் வற்புறுத்தலால் அக்கால்வாயை மறுமுனையிலிருந்து காணத் தேங்காய்ப்பட்டணம் சென்றோம். அங்கே சுற்றுலா விசைப்படகு கிட்டவில்லை. இரயுமன்துறையைச் சேர்ந்த முதிய மீனவர் ஒருவர் தம் வள்ளத்தில் அழைத்துச் செல்ல இசைந்தார். எல்லாரும் ஏற இடமின்மையால் இரண்டு நடையாகச் சென்றோம்.

அங்கே கடல் சேரும் ஆற்றைக் குழித்துறையாறு என்றும் தாமிரபரணி என்றும் வழங்குவர். நெல்லைத் தாமிரபரணி வேறு. கோதையாறும் பரளியாறும் மூவாற்றுமுகத்தில் கலந்து உருவாகும் ஆறு இது. ஆற்றின் கிழக்கே தேங்காய்ப்பட்டணம், மேற்கே இரயுமன்துறை. இரயுமன்துறையின் அமைப்பைப் படகிலிருந்தே நன்குணரலாம். தெற்கே கடல், கிழக்கே ஆறு, வடக்கே கால்வாய். மூன்று புறமும் நீர் சூழ்ந்த அந்த மணல்நாக்கின்மேல் வீடுகள் தோளோடு தோள் உரசி நிற்கின்றன. வரைபடத்தில் அது தீவன்று. ஆனால் கடல் சீறும் நாள்களில் அங்கு வாழ்வார்க்கு அது தீவே. கடலரிப்பு அவ்வூரைத் தென்புறத்தில் தின்றுகொண்டே வருகின்றது. கருங்கற்களைக் கொட்டித் தடுத்திருக்கின்றனர். தடுப்புக்கு அப்பால் ஒருகாலத்தில் தெருக்கள் இருந்தன என்று அம்முதியவர் அலைகளைச் சுட்டிக்காட்டினார்.

இரயுமன்துறை முதல் நீரோடி வரையுள்ள எட்டு ஊர்களின் மீனவரும் ஆழ்கடல் தொழிலில் பெயர்பெற்றவர்கள். சுறா வேட்டையில் இவர்களுக்கு ஈடு இந்நாட்டில் அரிது. கொச்சியைத் தங்குதுறையாகக் கொண்டு இலட்சத்தீவுக்கும் குஜராத்துக்கும் அப்பால் வாரக்கணக்கில் கடலிலேயே கிடப்பர். 2017 நவம்பர் இறுதியில் ஒக்கிப் புயல் எழுந்தபோது கரையில் இருந்தவர்க்கு எச்சரிக்கை கிட்டியது. பன்னாள் முன்னரே புறப்பட்டு நடுக்கடலில் இருந்த இவர்களுக்கு அது எட்டவில்லை. குமரி மாவட்டத்து மீனவர் நூற்றுக்கும் மேற்பட்டோர் திரும்பவில்லை. கண்டெடுக்கப்படாத உடல்களுக்காகக் காத்திருந்த வீடுகள் அவை. வள்ளம் ஊரை ஒட்டிச் சென்றபோது முதியவர் சுவர்களில் தொங்கிய படங்களைச் சுட்டிக்காட்டினார். பெயர்களைச் சொல்லவில்லை, நாமும் கேட்கவில்லை. ஆற்றின் முகத்தில் மீன்பிடித் துறைமுகம் கட்டப்பட்ட பிறகும், முகத்துவாரத்தில் மணல் திரண்டு அலை உயரும் நாள்களில் படகுகள் கவிழ்ந்து மீனவர் பலர் மாண்டிருக்கின்றனர். ஆழ்கடலை வென்று வந்தவர் வீட்டு வாசலில் மடிவதைப் போன்ற கொடுமை வேறு என்ன இருக்கிறது?

இக்கரை முஸ்லிம்களும் அக்கரை கிறிஸ்தவ மீனவரும் எப்பொழுதும் இணங்கி வாழ்ந்தனர் என்று எழுதினால் அது உண்மையாகாது. இவ்வூர் ஈன்ற எழுத்தாளர் தோப்பில் முஹம்மது மீரான் அவர்கள் (1944-2019) இரு கரையினருக்கும் மூண்ட கலவரத்தைக் 'கூனன் தோப்பு' நாவலின் பொருளாகவே எடுத்துக்கொண்டார். 'சாய்வு நாற்காலி'க்காக 1997இல் சாகித்திய அகாதெமி பரிசு பெற்ற அப்பெருமகனார், தம் மக்களின் குறைகளையும் மறைக்காதவர். அதற்காக நம்மவருள் சிலர் அவரைக் கடிந்துகொண்டதும் உண்டு. கலவரம் கதையாயிற்று, அதற்கு முன்னும் பின்னும் நிகழ்ந்த கொடுக்கல் வாங்கல் கதையாகவில்லை. மீன் அக்கரையிலிருந்து வந்தது. கயிறும் கொப்பரையும் இக்கரையில் விலையாயின. வள்ளங்கள் இரு கரையினரையும் ஏற்றிச் சென்றன. இது நம் பாட்டனார் வாயால் கேட்டது.

ஆற்றைக் குறுக்கே கடந்து கால்வாயின் வாயில் வள்ளம் நுழைந்தது. "எனக்க அப்பன் காலத்துல இதுல ரெண்டு வள்ளம் எதிரெதிர ஒதுங்காம போவும் உஸ்தாதே," என்றார் முதியவர். இப்பொழுதோ எங்கள் ஒரே வள்ளம் கரைகளை உரசிச் சென்றது. ஒருபுறம் புதிய மதில், மறுபுறம் குப்பைமேடு. சற்றுத் தொலைவு சென்றதும் கழுக்கோல் நீரில் இறங்கியதைவிடச் சேற்றில் இறங்கியது மிகுதி. பூவாற்றில் கண்ட அதே ஆகாயத்தாமரை இங்கும் எதிர்ப்பட்டது.

கால்வாய் எப்படி இறந்தது? சாலைகள் வந்தன, லாரிகள் வந்தன, வள்ளங்களுக்கு வேலை இல்லாமற் போயிற்று. இது எல்லா நாட்டிலும் நடந்ததே. ஆனால் இங்கே வேறொன்றும் நிகழ்ந்தது. 1956 நவம்பர் 1 அன்று அகத்தீசுவரம், தோவாளை, கல்குளம், விளவங்கோடு ஆகிய நான்கு வட்டங்களும் தமிழ்நாட்டோடு இணைந்தன. இணைப்பு நம் மக்கள் உயிர்கொடுத்துப் பெற்றது. அதில் நமக்கு மாற்றுக் கருத்தில்லை. ஆயினும் எல்லைக்கோடு விழுந்தபோது கால்வாயின் தலை கேரளத்திலும் உடல் தமிழ்நாட்டிலும் ஆயின. தலைநகரோடு இணைப்பதற்கென்று வெட்டிய நீர்வழிக்குத் தலைநகரே வேறு மாநிலம் ஆகிவிட்டது. அதனைத் தூர்வாரிச் சுற்றுலாப் படகு விடவேண்டும் என்ற கோரிக்கை அவ்வப்போது எழுகின்றது, அடங்குகின்றது.

மூன்றாவதொரு காரணமும் உண்டு. அதைச் சொல்ல நாம் கூசுகிறோம். கால்வாய் தானாகத் தூர்ந்தது ஒரு பங்கு. தூர்க்கப்பட்டது ஒரு பங்கு. வள்ளம் ஓடாத நீரில் முதலில் குப்பை விழுந்தது. பிறகு மண் விழுந்தது. மண் விழுந்த இடத்தில் வேலி எழுந்தது, வேலி மதிலாயிற்று. இதில் இக்கரையார் அக்கரையார் என்ற வேற்றுமை இல்லை. கால்வாய்க்கரையில் நாம் கண்ட மதில்களில் பிறைக்குறி பொறித்ததும் உண்டு, சிலுவைக்குறி பொறித்ததும் உண்டு.

திரும்புகையில் மாணவர்களுக்குப் பாடம் ஒன்றை நினைவூட்டினோம். தரிசு நிலத்தைப் பண்படுத்தி உரிமை கொள்வதைப் பற்றிப் பேசும் 'இஹ்யாவுல் மவாத்' என்ற இயல் நம் சட்டநூல்களில் உண்டு. யாருக்கும் உரிமையில்லாத நிலத்தை உழைத்து வாழவைத்தவர்க்கே அது சொந்தம் என்று தாராளமாகத் தொடங்கும் அவ்வியல், ஓரிடத்தில் கண்டிப்பாகக் கைமறிக்கின்றது. ஆற்றுக்கும் கிணற்றுக்கும் 'ஹரீம்' உண்டு. நீர் ஓடவும், தூர்வாரிய மண்ணைக் கொட்டவும், மக்கள் இறங்கி ஏறவும் வேண்டிய கரைப்பகுதியே ஹரீம். அதில் கட்டடம் எழுப்ப எவர்க்கும் உரிமையில்லை. ஷாஃபிஈ மத்ஹபின் விரிவான நூல்கள், ஆற்றின் ஹரீமில் எழுப்பப்பட்டது பள்ளிவாசலே ஆயினும் இடிக்கப்பட வேண்டியதே என்று கூறுகின்றன. மாணவர் ஒருவர், "கால்வாய் மனிதர் வெட்டியதல்லவா? அதற்கும் ஹரீம் உண்டா?" என்று கேட்டார். நல்ல வினா. வெட்டியவர் மன்னராயினும் வெட்டப்பட்டது பொதுவழிக்காக. பொதுவழியைச் சுருக்குவதும் அவ்வாறே விலக்கப்பட்டது என்று விடை கூறினோம். மேற்கொண்டு கிதாபுகளைப் பார்த்துவரும்படி அவரிடமே ஒப்படைத்தோம்.

முதியவர் கூலி வாங்க மறுத்தார், வற்புறுத்திக் கொடுத்தோம். பூவாற்றில் முதல் வினாவை எழுப்பிய மாணவர் தம் குறிப்பேட்டில் கால்வாயை வரைந்துவைத்திருக்கிறார். ஒரு முனையில் நெய்யாறு, மறுமுனையில் தாமிரபரணி, நடுவே எட்டு ஊர்களின் பெயர்கள். இரு முனைகளிலும் நாங்கள் நீரில் சென்ற தொலைவுக்கு மட்டும் நீல மையிட்டிருக்கிறார். பொழியூருக்கும் பூத்துறைக்கும் இடைப்பட்டது வெறும் பென்சில் கோடு. அந்தப் பகுதியை வள்ளத்தில் காண வழியில்லை. கரைவழியே நடந்துதான் காண வேண்டும். வருகின்ற விடுமுறையில் நீரோடியிலிருந்து புறப்படுவதாக முடிவு செய்திருக்கிறோம்.